வாளுக்கு மருந்து, காயத்துக்குக் கட்டு: வான் ஹெல்மான்ட் வழக்கு

காயம்பட்டவனுக்கு வெறும் கட்டு. மருந்தெல்லாம் அவனை வெட்டிய வாளுக்கு. பதினாறாம், பதினேழாம் நூற்றாண்டு ஐரோப்பாவில் படித்த மருத்துவர்களே நம்பிக் கையாண்ட சிகிச்சை இது. ஆயுதக் களிம்பு என்று பெயர். களிம்பு வேலை செய்வது பேயாலா, இயற்கையாலா என்ற கேள்விக்குப் பதில் எழுதப்போய், பிரஸ்ஸல்ஸ் மருத்துவர் யான் பாப்டிஸ்ட் வான் ஹெல்மான்ட் கிட்டத்தட்ட 20 ஆண்டுகள் திருச்சபையின் விசாரணையில் சிக்கிக்கிடந்தார்.

அவர் யாருக்கும் சூனியம் வைத்ததாகப் புகார் இல்லை. மாந்திரீகம் என்று ஊர் சொல்வதெல்லாம் இயற்கையின் கணக்கில் வருவதுதான், அதற்கும் விதி உண்டு என்றார். அதுவே தப்பறை, அதாவது சபைக் கோட்பாட்டுக்கு முரணான கருத்து, ஆயிற்று. சூனியக்காரனைத் தண்டிக்கச் சட்டம் இருந்தது. சூனியத்துக்கு இயற்கை விதி சொன்னவனைப் பிடிக்க அதே சட்டத்தை எப்படி வளைத்தார்கள் என்பதில்தான் இந்த வழக்கின் சுவை இருக்கிறது. களிம்பு பற்றி இரு தரப்பும் சொன்ன காரணங்கள் தவறு. ஆனால் காயங்கள் ஆறின என்பதில் பெரும்பாலும் பொய்யில்லை. அதையும் சேர்த்துப் பார்த்தால்தான் ஆய்வு முழுமையாகும்.

களிம்பு

நேப்பிள்ஸ்காரர் ஜாம்பத்திஸ்தா தெல்லா போர்த்தா தரும் அளவு இது. புதைக்காமல் வெளியில் கிடந்த மனித மண்டையோட்டில் முளைத்த பாசி 2 அவுன்ஸ், மனிதக் கொழுப்பு 2 அவுன்ஸ், மம்மியா அரை அவுன்ஸ், மனித ரத்தம் அரை அவுன்ஸ். ஆளிவிதை எண்ணெய், டர்பன்டைன் பிசின், ஆர்மீனியக் காவிமண் ஆகியவை வகைக்கு 1 அவுன்ஸ். கூட்டினால் 8 அவுன்ஸ், ஏறக்குறைய கால் கிலோ. எல்லாவற்றையும் கல்வத்தில் இட்டு அரைத்து, நீண்டு ஒடுங்கிய கண்ணாடிக் குப்பியில் சேமிக்க வேண்டும். மம்மியா என்பது பதப்படுத்திய பிணத்திலிருந்து எடுக்கும் கருஞ்சரக்கு. அன்றைய மருந்துக் கடைகளில் எடைபோட்டு விற்ற பொருள்தான்.

பாசி கிடைப்பதுதான் கடினம். தூக்கிலிட்டவர்களின் உடலை மாதக்கணக்கில் தொங்கவிடும் வழக்கம் இருந்ததால், வெயிலும் மழையும் பட்ட மண்டையோடு கிடைத்தது. நோயில் இளைத்துச் சாகாமல் திடீரென இறந்தவனின் உடலில் உயிராற்றல் செலவாகாமல் மிஞ்சியிருக்கும், அதைப் பாசி உறிஞ்சிக்கொள்ளும் என்பது அவர்கள் கணக்கு. 1609இல் வெளிவந்த ஓஸ்வால்ட் குரோலின் செய்முறையில் மனிதக் கொழுப்புக்குப் பதிலாகக் காட்டுப்பன்றியும் கரடியும் வருகின்றன. கூடவே பொசுக்கிய மண்புழு, செஞ்சந்தனம். செஞ்சந்தன மரம் இயல்பாக வளர்வது நம் கிழக்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதியில் மட்டும்தான். தூக்குமரத்துப் பாசியோடு சேர அது எவ்வளவு தூரம் போயிருக்கிறது, பாருங்கள்.

பயன்படுத்தும் முறைதான் முக்கியம். பின்னால் வரும் விளக்கம் முழுவதும் இதில்தான் தொங்குகிறது. ரத்தம் படிந்த ஆயுதத்தைக் களிம்பில் தோய்த்து அப்படியே விட வேண்டும். காயம்பட்டவன் காலையில் தன் சிறுநீராலேயே காயத்தைக் கழுவ வேண்டும். சிலர் வெள்ளை ஒயின் என்பார்கள். பிறகு சுத்தமான மெல்லிய லினன் துணியால் இறுக்கிக் கட்ட வேண்டும். காயத்தின் மேல் வேறு எந்த மருந்தும் படக்கூடாது. ஆறும்வரை கட்டைப் பிரித்துப் புதுக்கட்டு போடுவதும் கூடாது. களிம்பு பூசிய பகுதியில் காற்றுப் படாதபடி வாளையும் துணியால் சுற்றி வைக்க வேண்டும். வெட்டுக்காயமா குத்துக்காயமா என்பதைப் பொறுத்துத் தடவும் திசை மாறும். ஆயுதம் கிடைக்காவிட்டால் அதே வடிவில் ஒன்றைச் செய்து அதற்குத் தடவினாலும் போதும் என்று சொன்னவர்களும் உண்டு. ஆங்கிலத் தத்துவ அறிஞர் ஃபிரான்சிஸ் பேக்கன் இதைக் குறித்துவைத்திருக்கிறார்; தனக்கு முழு நம்பிக்கை வரவில்லை என்பதையும் கூடவே எழுதிவிட்டார்.

எந்தக் காயத்துக்கு ஆகாது என்பதையும் ஆதரவாளர்களே சொல்லிவைத்தார்கள். தமனி, நரம்பு, உயிருக்கு ஆதாரமான உறுப்பு ஆகியவற்றில் பட்ட காயத்துக்குக் களிம்பு வேலை செய்யாது. இந்த ஒரு வரியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

மூன்று பேர், மூன்று கட்சி

மார்புர்க் பல்கலைக்கழகப் பேராசிரியர் இளைய ருடால்ஃப் கோக்ளேனியுஸ் 1608இல் ஒரு நூல் எழுதினார். களிம்பு வேலை செய்வது காந்தத்தைப் போன்ற இயற்கை ஈர்ப்பால் என்பது அவர் கட்சி. இயேசு சபைக் குரு ஜான் ரோபெர்ட்டி 1615 முதல் அதை எதிர்த்து எழுதத் தொடங்கினார். பதிலுக்குப் பதில் என்று புத்தகங்கள் பறந்தன.

ரோபெர்ட்டியின் வாதத்தை லேசாக ஒதுக்கிவிட முடியாது. அன்றைய இறையியல் நிகழ்வுகளை மூன்றாகப் பிரித்தது. கடவுள் மட்டுமே செய்யக்கூடிய புதுமை, அதாவது அற்புதம், ஒன்று. இயற்கை தன் போக்கில் செய்வது இன்னொன்று. மூன்றாவது, பசாசும் வானதூதரும் இயற்கையின் மறைபொருள்களைக் கையாண்டு காட்டும் வியப்புகள். பசாசுக்கும் இயற்கை விதியை மீறும் வல்லமை கிடையாது. நமக்குத் தெரியாத காரணங்கள் அதற்குத் தெரியும், அவ்வளவுதான். தாமஸ் அக்வினாஸ் காலத்திலிருந்தே இது நிலைபெற்ற கருத்து. ஆகவே ஒரு விளைவு இயற்கையா பேய்வேலையா என்று தீர்மானிக்க ஓர் உரைகல் வேண்டியிருந்தது. அந்த உரைகல், தொடுகை. தொடாத பொருள் மேல் எதுவும் வினை செய்யாது என்பது அரிஸ்டாட்டில் வழி வந்த விதி. வாள் ஒரு வீட்டில், காயம் இன்னொரு வீட்டில். இடையில் தொடுகை இல்லை. எனவே இயற்கைக் காரணம் இல்லை. கடவுள் புதுமை செய்வதற்கும் இங்கே முகாந்திரம் இல்லை. மிச்சம் பசாசுதான். வாதம் பிசிறில்லாமல் இருக்கிறது. விதிதான் தவறு.

காந்தக் குணமளிப்பு பற்றி எழுதி 1621இல் பாரிஸில் அச்சான தன் நூலோடு வான் ஹெல்மான்ட் மூன்றாவதாக உள்ளே வந்தார். லூவன் பல்கலைக்கழகத்தில் படித்து 1599இல் மருத்துவப் பட்டம் பெற்றவர். மாந்திரீக ஆராய்ச்சிக்குப் பெயர்போன இயேசு சபை அறிஞர் மார்ட்டின் தெல் ரியோவின் வகுப்புகளில் உட்கார்ந்து கேட்டு, கிடைத்தது பதரே என்று எழுந்து வந்தவர். பின்னாளில் 'கேஸ்' என்ற சொல்லை உருவாக்கியவரும் இவரே. நம் வீட்டுச் சமையலறையில் தினமும் புழங்கும் சொல் அது. கோக்ளேனியுஸ் வாதிடத் தெரியாமல் குழப்பினார், ரோபெர்ட்டி இயற்கையைத் தெரியாமல் தீர்ப்புச் சொன்னார் என்று இருவரையும் ஒருசேரச் சாடினார். இயற்கை தன் வழக்குக்கு நடுவராக இறையியலாளர்களை அழைக்கவில்லை, மருத்துவர்களைத்தான் அழைத்தது என்ற பொருளில் எழுதியது அவருக்கு வினையாயிற்று. ஊரில் அதிகாரம் யார் கையில் என்று பார்த்து எழுதுகிற சுபாவம் அவரிடம் இல்லை. திருடன் மண்டையோட்டில் வளரும் பாசியும், கழுத்து நெரித்து மறைசாட்சியாக்கப்பட்ட இயேசு சபைக் குருவின் மண்டையோட்டில் வளரும் பாசியும் ஒரே மருந்துதான் என்று வேறு சேர்த்துக்கொண்டார். எதிராளி இயேசு சபைக் குரு என்பது தெரிந்தேதான்.

எந்த இடத்தில் கோடு தாண்டினார்

களிம்பு இயற்கையானது என்று சொன்னதோடு நிறுத்தியிருந்தால் கோக்ளேனியுஸைப் போல ஒரு புத்தகச் சண்டையோடு போயிருக்கும். கோக்ளேனியுஸ் புராட்டஸ்டன்ட் ஊரில் இருந்தார் என்பதும் உண்மை. வான் ஹெல்மான்ட் இருந்ததோ ஸ்பெயினின் ஆட்சிக்குட்பட்ட தென் நெதர்லாந்தில். ஆனால் ஊரைவிடப் பெரிய காரணம், அவர் தன் விதியை எங்கே கொண்டுபோய் நிறுத்தினார் என்பது.

வாதத்தின் படிகள் இவை. காந்தக்கல் தொடாமலே இரும்பை இழுக்கிறது, ஊசியைத் திருப்புகிறது. அதைப் பேய் என்று யாரும் சொல்வதில்லை. எனவே தொடுகை விதி பொதுவிதி ஆகாது. உடலைவிட்டு வெளியே வந்த ரத்தத்திலும் உடலோடு ஒத்துணரும் ஓர் ஆற்றல் தங்கியிருக்கிறது. களிம்பு வாளில் படிந்த ரத்தத்தைத் தூண்டுகிறது, ரத்தம் உடலைத் தூண்டுகிறது. இது பொருளுக்கே உரிய குணம். வாயால் சொல்லும் மந்திரமோ வரையும் சக்கரமோ இதற்குத் தேவையில்லை.

இதுவரை பிழைத்துக்கொள்ளலாம். அடுத்த படி வேறு. சூனியக்காரி தூரத்திலிருந்து ஒருவனை நலியச் செய்கிறாள் என்றால், அந்த ஆற்றல் பசாசு கொடுத்ததல்ல. மனிதனுக்குள் இயல்பாகவே இருப்பது. ஆதிப் பாவத்தால் அது தூங்கிப்போயிற்று. பசாசு அதைத் தட்டி எழுப்புகிறது, அவ்வளவே. அதே ஆற்றலை நல்வழியில் எழுப்பவும் மனிதனால் முடியும். அதற்கும் அடுத்த படிதான் நெருப்பு. புனிதர்களின் அருளிக்கங்களை, அதாவது அவர்கள் விட்டுச்சென்ற எலும்பு, உடை முதலியவற்றை, தொட்டு நோய் தீர்கிறதே, அங்கேயும் இந்தக் காந்தமே துணைநிற்கிறது. கடவுள் இயற்கையோடு சேர்ந்து நடந்துதான் அதைச் செய்கிறார்.

பக்தியோடுதான் எழுதினார். அவர் கத்தோலிக்கர், சாகும்வரை அப்படியே இருந்தார். ஆனால் ஒரு சபை அதிகாரியின் நாற்காலியில் உட்கார்ந்து இதைப் படித்துப் பாருங்கள். மேலே புதுமை, கீழே பேய்வேலை, நடுவில் இயற்கை என்று மூன்று அறைகள் இருந்த வீட்டில், இவர் நடு அறையின் இரண்டு சுவர்களையும் இடித்துவிட்டார். அருளிக்கத்தின் குணமளிப்பும் தூக்குமரத்துப் பாசியும் ஒரே விதிக்குள் வந்துவிட்டன. புனிதர் பட்டத்துக்குப் புதுமைகளைச் சோதிக்கும் வேலையும், சூனிய வழக்குகளில் பசாசோடு செய்த உடன்படிக்கையை நிரூபிக்கும் வேலையும் இந்தச் சுவர்களை நம்பித்தான் நடந்தன. பேயை மறுத்தவரைவிடப் பேயைத் தேவையில்லாமல் செய்தவர் ஆபத்தானவர் என்று சபை முடிவுசெய்ததில், அதன் நோக்கில், தர்க்கப் பிழை இல்லை.

வழக்கு நடந்த விதம்

முதல் புகார் கொடுத்தவர்கள் இறையியலாளர்கள் அல்ல, சக மருத்துவர்கள். 1623இல் லூவன் மருத்துவப் பீடத்தினர் அந்த நூலைக் கோரமானது என்று கண்டித்தார்கள். 1625இல் ஸ்பெயின் விசாரணை மன்றம் நூலிலிருந்து 27 கூற்றுகளைப் பிரித்தெடுத்துத் தப்பறை, ஆணவம், லூத்தரன், கால்வினியக் கொள்கைகளின் சாயல் என்று தீர்மானித்தது. மறு ஆண்டு பிரதிகளைப் பறிமுதல் செய்தார்கள். 1627இல் மெகலன் பேராயரின் மன்றத்தில் தாம் குற்றமற்றவர் என்றும், சபைக்குக் கட்டுப்படுவதாகவும் வான் ஹெல்மான்ட் சொன்னார். விஷயம் லூவன் இறையியல் பீடத்துக்குப் போயிற்று. 1630இல் தவறை ஒப்புக்கொண்டு கூற்றுகளைத் திரும்பப் பெற்றார்.

அதோடு முடியவில்லை. 1633, 1634 ஆண்டுகளில் இறையியல் பீடம் மறுபடி தீர்ப்பெழுதியது. பதினாறாம் நூற்றாண்டு மருத்துவர் பாராசெல்சுஸின் வழிவந்த மூடநம்பிக்கைகளில் ஊன்றி நின்றார். எல்லா மாந்திரீகத்தையும் பசாசின் வித்தையையும் இயற்கையின் மேல் ஏற்றி இயற்கையையே கெடுத்தார். அடுப்பும் உலையும் வைத்துச் செய்யும் தன் வேதியியல் தத்துவத்தால் உலகெங்கும் இருள் பரப்பினார். சாரம் இவ்வளவுதான். குற்றப்பத்திரிகையின் நடு வரியைத் திரும்பப் படிக்க வேண்டும். மாந்திரீகம் செய்தார் என்று அதில் இல்லை. மாந்திரீகத்தை இயற்கை என்றார் என்றுதான் இருக்கிறது.

1634 மார்ச்சில் கைதானார். சில நாள் சிறை, பிறகு பிரஸ்ஸல்ஸ் பிரான்சிஸ்கன் மடம், பல சுற்று விசாரணை, பிறகு வீட்டுக்காவல். காவல் 1636இல் நீங்கியது. சபை நடவடிக்கை முறைப்படி முடிந்தது 1642இல்தான். இதே காலத்தில், 1633இல், ரோமில் கலிலியோவும் தண்டிக்கப்பட்டார்; அந்த வழக்கைப் பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். கலிலியோ வானத்தைப் பற்றிச் சொன்னது சரி என்பதால் அவர் கதை எளிதாக நினைவில் நிற்கிறது. களிம்பைப் பற்றி வான் ஹெல்மான்ட் சொன்னது தவறு என்பதால் இந்த வழக்கைச் சொல்லித்தர யாருக்கும் வசதிப்படவில்லை போலிருக்கிறது.

காயம் ஏன் ஆறியது

களிம்பு முறையில் காயத்துக்கு என்ன நடந்தது என்று மட்டும் பாருங்கள், வாளை மறந்துவிடுங்கள். கழுவினார்கள். சுத்தமான துணியால் விளிம்புகள் சேரும்படி கட்டினார்கள். தொடாமல் விட்டார்கள்.

அதே ஊரில் வழக்கமான அறுவை மருத்துவரிடம் போயிருந்தால் வேறு கதை. சீழ் வந்தால்தான் காயம் ஆறும் என்பது பரவலான நம்பிக்கை. அதற்கு நல்ல சீழ் என்றே பெயர். சீழை வரவழைக்க டர்பன்டைன், முட்டைக்கரு, எண்ணெய் கலந்த மருந்துகளை உள்ளே வைப்பார்கள். காயம் மேலே மூடிவிடாமல் இருக்கத் துணித் திரி செருகுவார்கள். ஆழம் பார்க்கச் சலாகையை விடுவார்கள். தினமும் கட்டைப் பிரிப்பார்கள். அதே சலாகை அடுத்த நோயாளிக்கும் போகும்.

கூர்மையான வாளால் ஆன சுத்தமான வெட்டுக்காயத்தில் ரத்தம் சில நிமிடங்களில் உறைகிறது. விளிம்புகள் ஒட்டியிருந்தால் ஒன்றிரண்டு நாளில் மேல்தோல் செல்கள் ஊர்ந்து இடைவெளியை மூடிவிடுகின்றன. ஒரு வாரம், பத்து நாளில் தையலே பிரிக்கலாம். இந்த ஒட்டலைத் தினமும் பிய்ப்பதுதான் பழைய சிகிச்சை. பிய்க்காமல் விட்டது களிம்பு முறை. கழுவுவதற்குச் சொன்ன பொருளிலும் கொஞ்சம் அதிர்ஷ்டம் இருந்தது. நலமாக இருப்பவனின் புதுச் சிறுநீரில் கிருமிகள் குறைவு. அன்றைய கிணற்று நீரையும் வாய்க்கால் நீரையும்விட அது மேல். இன்று யாரும் அதைச் செய்துபார்க்க வேண்டியதில்லை, குழாய்த் தண்ணீர் இருக்கிறது.

தொடாமல் விட்டால் நல்லது என்பது அன்று யாருக்குமே தெரியாது என்றும் சொல்ல முடியாது. பதின்மூன்றாம் நூற்றாண்டிலேயே தியோடரிக் போர்கொன்யோனி ஒயினால் கழுவி, விளிம்புகளைச் சேர்த்துக் கட்டு, சீழ் தேவையில்லை என்று எழுதினார். பெரும்பாலோர் கேட்கவில்லை. 1537இல் தூரின் முற்றுகையின்போது ஆம்ப்ரோஸ் பாரேயிடம் துப்பாக்கிக் காயங்களில் ஊற்றும் கொதி எண்ணெய் தீர்ந்துபோயிற்று. வேறு வழியின்றி முட்டைக்கருவும் ரோஜா எண்ணெயும் டர்பன்டைனும் கலந்து தடவினார். மறுநாள் பார்த்தால் எண்ணெய் ஊற்றாதவர்கள் வலி குறைந்து தூங்கியிருந்தார்கள். ஊற்றியவர்களுக்குக் காய்ச்சலும் வீக்கமும். புது மருந்து குணப்படுத்தியதைவிடப் பழைய மருந்தின் கேடு நின்றதுதான் பெரிது. ஆயுதக் களிம்பு இதே வேலையை எதேச்சையாகச் செய்தது. மருத்துவரின் கையை நோயாளியிடமிருந்து விலக்கி வாளின் பக்கம் திருப்பிவிட்டது.

இதன்மேல் தேர்வுப் பிழையும் சேர்கிறது. தமனி, நரம்பு, உள்ளுறுப்புக் காயங்களை முன்பே விலக்கிவிட்டால் எஞ்சுவது தானே ஆறக்கூடிய சதைக்காயங்கள்தான். அப்படியும் சில காயங்கள் அழுகின. மேலே இறுக மூடிய ஆழமான குத்துக்காயத்தில் சீழ் உள்ளே கட்டிக்கொள்ளக்கூடும். அப்போது சொல்லச் சாக்குகள் தயார். பாசி புதைத்த மண்டையோட்டில் எடுத்தது, வாளில் காற்றுப் பட்டுவிட்டது, திசை மாற்றித் தடவிவிட்டார்கள். நிபந்தனை கூடக் கூட விதி உறுதிப்படுவதுபோலத் தோன்றும். உண்மையில் அது எதையும் மறுக்க முடியாத நிலைக்குப் போய்க்கொண்டிருக்கிறது.

மூக்கு

வான் ஹெல்மான்ட் அடுக்கும் சான்றுகளில் அதிகம் பரவியது ஒரு மூக்குக் கதை. சண்டையில் மூக்கறுபட்ட பிரஸ்ஸல்ஸ்காரர் ஒருவர் பொலோன்யா நகரத்து அறுவை நிபுணர் காஸ்பரே தாலியாகோசியிடம் போகிறார். தன் கையை அறுக்க மனமில்லாமல், கூலிக்கு ஒரு சுமைதூக்கியின் கைத்தோலை எடுத்து மூக்கு வைத்துக்கொள்கிறார். ஊர் திரும்பிச் சுமார் 13 மாதம் கழித்து மூக்கு திடீரெனக் குளிர்ந்து, சில நாளில் அழுகி விழுகிறது. விசாரித்தால், அதே நேரத்தில்தான் சுமைதூக்கி இறந்திருக்கிறான். தோல் இடம் மாறியும் பழைய உடலோடு ஒத்துணர்கிறது, ஆகவே வாளில் ஒட்டிய ரத்தமும் ஒத்துணரும் என்று முடிக்கிறார்.

இந்தக் கதை நடந்திருக்க முடியாது. 1597இல் தன் முறையை அச்சிட்ட தாலியாகோசி எடுத்தது நோயாளியின் சொந்தக் கைத்தோலைத்தான். கையை முகத்தோடு வார்ப்பட்டையால் பிணைத்து, தோல் மடிப்பு மூக்கில் வேர்பிடிக்கும்வரை வாரக்கணக்கில் அசையாமல் இருக்க வேண்டும். இரண்டு ஆட்களை அப்படிப் பிணைத்து வைப்பது நடக்கிற காரியமா? வைத்தாலும், அடுத்தவர் தோலை உடலின் எதிர்ப்பாற்றல் ஓரிரு வாரத்தில் புறந்தள்ளிவிடும். 13 மாதம் தாங்காது. காந்தத்தை வைத்து ரோபெர்ட்டியை மடக்கிய மனிதர், கேள்விப்பட்ட கதையை அதே வரிசையில் சான்றாக வைக்கிறார். அவர் முறையின் பலவீனம் இங்கேதான் நன்றாகத் தெரிகிறது. விதி வேண்டும் என்ற தாகம் இருந்தது, சான்றைச் சலிக்கும் சல்லடை இல்லை.

எதைச் சோதித்திருக்க வேண்டும்

ஒன்றுமே சோதிக்கவில்லை என்று சொல்லிவிடக் கூடாது. காயம்பட்டவனுக்குத் தெரியாமல் வாளிலிருந்து களிம்பைத் துடைத்தபோது அவனுக்கு உடனே கடும் வலி வந்ததாகவும், மறுபடி பூசியதும் தணிந்ததாகவும் நம்பத்தக்கவர்கள் சொன்னதாகப் பேக்கன் பதிவுசெய்கிறார். விலங்குகளுக்கும் வேலை செய்வதாகச் சொல்வது தனக்குப் பிடித்திருக்கிறது, எளிதாகச் சோதிக்கலாமே என்றும் எழுதினார். எண்ணம் சரியானது. ஆனால் இங்கிலாந்தில் கென்னெல்ம் டிக்பி பரப்பிய ஒத்துணர்வுத் தூள் விஷயத்தைப் பாருங்கள். அது அன்னபேதி (இரும்பு சல்பேட்) வகையை வெயிலில் நீற்றிய பொடி. ஜேம்ஸ் ஹவல் என்பவரின் கைக்காயத்தில் கட்டியிருந்த பட்டியை டிக்பி அந்தத் தூளைக் கரைத்த நீரில் போட்டார், வலி தணிந்தது. சாப்பாட்டுக்குப் பின் பட்டியை எடுத்து நெருப்பருகே உலர்த்தினார், ஹவலின் ஆள் எரிகிறது என்று ஓடிவந்தான். 1657இல் மான்பெலியேவில் டிக்பியே இதைச் சொன்னார். ஒரே ஒரு ஆள், சிகிச்சை கொடுத்தவரே சாட்சி. இந்த அளவில் எதையும் நிறுவ முடியாது.

வேண்டியிருந்தது மூன்று அணிகள். முதல் அணிக்குக் கழுவிக் கட்டு, வாளுக்குக் களிம்பு. இரண்டாவதற்குக் கழுவிக் கட்டு மட்டும். வாளை யாரும் தொடக்கூடாது, ஆனால் களிம்பு தடவியதாக நோயாளியிடம் சொல்ல வேண்டும். மூன்றாவதற்கு வழக்கமான அறுவை மருத்துவம். யார் எந்த அணி என்பதைச் சீட்டுக் குலுக்கித் தீர்மானிக்க வேண்டும். முதல் இரண்டும் ஒரே வேகத்தில் ஆறியிருக்கும், மூன்றாவது பின்தங்கியிருக்கும். முதலுக்கும் மூன்றாவதுக்கும் உள்ள வித்தியாசத்தை மட்டுமே எல்லாரும் பார்த்தார்கள். நடு அணி யாருக்கும் தோன்றவில்லை.

இந்தத் திட்டம் அந்தக் காலத்துக்கு எட்டாதது என்று சொல்லவும் வழியில்லை, ஏனென்றால் இதில் பாதியை முன்வைத்தவர் வான் ஹெல்மான்டே. காய்ச்சலுக்கு ரத்தம் வடிப்பதை எதிர்த்து அவர் விட்ட சவால், அவர் இறந்தபின் அச்சான தொகுப்பில் இருக்கிறது. மருத்துவமனையிலிருந்தும் படைமுகாமிலிருந்தும் 200 அல்லது 500 ஏழை நோயாளிகளை எடுப்போம், இரண்டாகப் பிரித்துச் சீட்டுப் போடுவோம், ஒரு பாதி எனக்கு, மறு பாதி உங்களுக்கு. யார் பக்கம் எத்தனை சவ அடக்கம் என்று எண்ணுவோம், பந்தயம் 300 புளோரின். யாரும் முன்வரவில்லை. எதிராளியின் மருத்துவத்தைச் சோதிக்கத் தோன்றிய சீட்டு, தன் சொந்தக் களிம்புக்குத் தோன்றவில்லை. அளக்கத் தெரியாதவரும் இல்லை: 200 ராத்தல் காய்ந்த மண்ணில் 5 ராத்தல் வில்லோ கன்றை நட்டு, 5 ஆண்டு தண்ணீர் மட்டும் ஊற்றி, மரம் 169 ராத்தலுக்குச் சற்று மேல், மண்ணில் குறைந்தது ஏறக்குறைய 2 அவுன்ஸ் என்று நிறுத்துச் சொன்னவர்.

ரோபெர்ட்டி தரப்பின் கதியும் இதைவிட மேலில்லை. தொடாமல் எதுவும் வினை செய்யாது என்ற உரைகல் 1687இல் நியூட்டனின் ஈர்ப்புவிதி வந்தபோது மறுபடி மேடையேறியது. இதுவும் மறைகுணம்தானே என்று லைப்னிட்ஸ் கேட்டார். நியூட்டனுக்கு உதவியது விளக்கம் அல்ல, எண்கள். தூரம் இரட்டித்தால் ஈர்ப்பு கால்பங்கு என்று சொல்லி, நிலாவில் சரிபார்க்க முடிந்தது. ஆயுதக் களிம்புக்கு அப்படி ஓர் எண்ணை யாரும் தரவில்லை. வாள் 1 மைலில் இருந்தால் எவ்வளவு, 10 மைலில் எவ்வளவு என்று கேட்டிருந்தாலே விதி தடுமாறியிருக்கும். மாயமும் விதிக்கு உட்பட்டதே என்று வைத்துக் கற்பனை உலகம் படைப்பவர்கள் இன்றும் வழுக்கும் இடம் இதுதான்: விதி என்று பெயர் வைப்பார்கள், அளவு சொல்ல மாட்டார்கள்.

வான் ஹெல்மான்ட் 1644 டிசம்பர் 30 அன்று இறந்தார். அவர் பெயர்மீதிருந்த களங்கத்தை நீக்கும் திருச்சபை ஆணை 1646இல் அவர் மனைவிக்குக் கிடைத்தது. 1648இல் மகன் ஃபிரான்சிஸ் மெர்க்குரி தந்தையின் எழுத்துகளைத் திரட்டி, லூவனின் கை எட்டாத ஆம்ஸ்டர்டாமில் எல்செவியர் அச்சகத்தில் வெளியிட்டார். காந்தக் குணமளிப்பு பற்றிய அந்த நூலும் அதில் இருந்தது.